கதவுக்கு வெளியே பதினைந்து கிழவர்கள்

நெடுமணல்துறைக்கு யவனக் கிழவர்கள் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. அன்றைக்கு நெத்திலி மலிந்து கிடந்ததால் ஊரில் பாதிப் பேர் கரையில் நின்றார்கள், மீதிப் பேர் வீட்டில் உட்கார்ந்து நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தார்கள், ஆகவே ஊருக்கு வெளியே தேரிக்காட்டுச் செம்மணலில் அகழாய்வுக்காரர்கள் தோண்டியெடுத்து நிறுத்திய இரண்டு காது வைத்த மண்ஜாடியின் வாயிலிருந்து முதல் கிழவர் வெளியே இறங்கியபோது பார்க்க ஆளில்லை. இரண்டாவது கிழவருக்கு ஒரு ஆடு மேய்ப்பவன் இருந்தான், ஏழாவது கிழவர் இறங்குவதற்குள் டீக்கடை போட்டாயிற்று, பதினைந்தாவது கிழவருக்குப் பஞ்சாயத்துத் தலைவர் சால்வை போர்த்தினார். ஜாடி என் இடுப்பு உயரம்கூட இல்லை. அதைப் பற்றி யாரும் ஒன்றும் கேட்கவில்லை. எங்கள் ஊரில் கரண்ட் பில் எப்படி அவ்வளவு வருகிறது என்றே யாரும் கேட்டதில்லை.

என் பெயர் கஸ்பார். கஸ்பார் ஒலிபெருக்கி நிலையம் என்று மாதா கோயிலுக்குப் பின்னால் பலகை தொங்குகிறதே, அது நான்தான். இந்த ஊரை எனக்குப் பிடிக்காது, ஊருக்கும் என்னைப் பிடிக்காது. கல்யாணத்துக்கும் சாவுக்கும் மைக்செட் வேண்டும் என்பதால் ஒருவரையொருவர் முப்பது வருஷமாகச் சகித்துக்கொண்டிருக்கிறோம்.

கிழவர்கள் முழங்கால்வரை வெள்ளைத் துணி உடுத்தியிருந்தார்கள், கையில் ஆளுக்கொரு கம்பு, முகத்தில் துணியைப் பசையிட்டு இறுக்கிச் செய்த முகமூடி, அந்த முகமூடியில் வாய் மட்டும் எப்போதும் திறந்திருந்தது. ஐந்து ஐந்து பேராக மூன்று வரிசையில்தான் நடப்பார்கள். இடப்பக்கம் போகும்போது ஒரு பாட்டு, வலப்பக்கம் திரும்பும்போது அதே மெட்டில் இன்னொரு பாட்டு, நின்றால் மூன்றாவது பாட்டு. பாடியது யவன பாஷை. மூன்றாம் நாள் எங்களுக்கு விளங்கிவிட்டது, மீன் விற்கிற பெண்களுக்கு இரண்டாம் நாளே விளங்கிவிட்டது.

அகழாய்வுக்கு வந்த கண்ணாடிக்காரப் பேராசிரியர் இவர்கள் யார் என்று தேரிக்காட்டு மணலில் நின்று எங்களுக்கு விளக்கினார். யவன தேசத்தில் ஊரே கூடி நாடகம் பார்க்கும் காலத்தில், ராஜா ராணியாக நடிப்பவர்கள் மேலே நிற்பார்களாம், கீழே வட்டமாக இப்படிப் பதினைந்து பேர் நிற்பார்களாம். இவர்கள்தான் அந்த ஊர் மக்கள். வரப்போகும் கேடு இவர்களுக்கு முன்னாலேயே தெரியும், அதை அழகாகப் பாடுவார்கள், பாவம் பார்ப்பார்கள், மார்பில் அடித்துக்கொள்வார்கள், ஆனால் வீட்டுக்குள் கொலையே நடந்தாலும் வாசலைத் தாண்டி உள்ளே போக மாட்டார்கள், அது அவர்களுடைய முறை என்றார் பேராசிரியர்.

"அப்ப நம்ம ஆளுகதான்" என்றார் பஞ்சாயத்துத் தலைவர். அவருடைய ஐந்து வருஷப் பதவிக்காலத்தில் அவர் சொன்ன ஒரே உண்மை அது.

முதலில் கிழவர்கள் போய் நின்றது ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் வீட்டுக்கு முன்னால். உயரமாகக் கட்டுகிறவனே, உன் சுவர் உன்னைவிட மெல்லியது என்று இடமும் வலமும் போய்ப் பாடினார்கள். மூன்றாம் நாள் அவருடைய புது மாடிச்சுவர் சரிந்து கீழே நின்ற ஸ்கூட்டரைத் தட்டையாக்கியது. அடுத்து வலைக்கடை சந்தியாகு வீட்டு வாசல். அவருடைய மருமகன் யாரோடு எங்கே போய்விட்டான் என்பதை இங்கே சொல்லி என்ன. அதோடு ஊருக்கு விஷயம் பிடிபட்டுவிட்டது. விடிந்ததும் ஜன்னலைத் திறந்து, கிழவர்கள் தன் வாசலில் இல்லை என்று பார்த்து, சிலுவை போட்டுக்கொண்டு, பிறகு யார் வாசலில் நிற்கிறார்கள் என்று ஆசையாக எட்டிப் பார்ப்பது நெடுமணல்துறையின் காலை ஜெபமாகிவிட்டது. யார் வாசலில் நின்றார்களோ அந்த வீட்டுக்கு அன்று பதினாறு வீட்டிலிருந்து மீன்குழம்பு போகும். கேடு வருவதற்கு முன்பே துக்கம் விசாரித்து முடித்துவிடுகிற வசதி வேறு எந்த ஊருக்குக் கிடைத்திருக்கிறது? தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பார்கள். எங்கள் ஊரில் அடுத்தவனுக்கு வந்தால் அது தெரு நாடகம்.

இரண்டு மாதத்தில் ஊர் அவர்களைத் தின்று செரித்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் கிழவர் நடைக்குப் போட்டி வைத்தார்கள். பெண்கள் பந்தலில் ஒப்பாரிக்கு மெட்டு மாற்றினார்கள். பரோட்டாக் கடைக்கு யவனா ஓட்டல் என்று பெயர் விழுந்தது. கோயில் கமிட்டியார் மாதா திருநாளின் பத்து நாளுக்கும் கிழவர்களை ஏற்பாடு செய்ய வந்தார்கள், கிழவர்கள் அழைத்த இடத்துக்கு வருகிறவர்கள் இல்லை என்று தெரிந்ததும், சப்பரம் போகும் வழியை அவர்கள் நிற்கும் இடத்துக்குத் திருப்பினார்கள்.

அந்த இடம் தொபியாஸ் முதலாளியின் ஐஸ் பேக்டரி.

ஊர் நிம்மதியாக மூச்சுவிட்டது, ஏனென்றால் ஐஸ் பேக்டரி யார் வீடும் இல்லை. கிழவர்கள் அந்த இரும்புக் கதவுக்கு எதிரே மூன்று வரிசையில் நின்றார்கள், நின்றவர்கள் நகரவில்லை, ஒரு வாரம் போனது, இரண்டு வாரம் போனது, பாட்டு மட்டும் நாளுக்கு நாள் அழகாகிக்கொண்டே வந்தது. பனி செய்கிறவர்களே, உங்கள் பனிக்குள் ஒரு நெருப்பு குந்தியிருக்கிறது, அதற்கு நிறமில்லை, அது கண்ணைத்தான் முதலில் தின்னும் என்று பாடுவார்கள். கேட்டுக்கொண்டே ஜனங்கள் வேர்க்கடலை உரிப்பார்கள். நெருப்பு கண்ணைத் தின்னும் இடம் வந்ததும் பெண்கள் முந்தானையால் மூக்கைச் சிந்துவார்கள், ஆண்கள் தொண்டையைச் செருமுவார்கள், பாட்டு முடிந்ததும் எல்லோரும் மனசு லேசாகி வீட்டுக்குப் போய் நன்றாகச் சாப்பிடுவார்கள். அடுத்தநாள் இடம் பிடிக்கச் சீக்கிரம் வருவார்கள்.

அழாமல் கேட்டவள் ஒருத்திதான். தெக்கிலா. பேக்டரியில் கம்ப்ரசர் ஓட்டும் அருளப்பனின் பெண்சாதி, இறால் உரிக்கும் கொட்டகையில் வேலை பார்ப்பவள், சிரிக்கவே கணக்குப் பார்க்கிற முகம். நிறமில்லாத நெருப்பு என்றால் ஐஸ் மெஷின் குழாயில் ஓடும் அமோனியா வாயு என்று அவளுக்குத் தெரியும், ஏனென்றால் அருளப்பன் வீட்டுக்கு வரும்போதே கண் சிவந்து இருமிக்கொண்டு வந்தான்.

அது எந்த வால்வில் கசிகிறது என்று எனக்கும் தெரியும். திருநாளுக்காக பேக்டரி மொட்டைமாடியில் குழாய் ஸ்பீக்கர் கட்டிக்கொண்டிருந்தபோது, கீழே முற்றத்தில் அருளப்பன் முதலாளியிடம் பேசியதை நான் காதால் கேட்டேன்.

"முதலாளி, டாங்கிப் பக்கத்து வால்வு அரிச்சுப் போச்சு. ஈரச் சாக்கச் சுத்திக் கட்டி வச்சிருக்கேன். ஒருநாள் நிப்பாட்டிட்டு மாத்திருவோம்."

"திருநாள் நேரத்துல நிப்பாட்டுனா போட்டுக்காரன் எல்லாம் அடுத்த ஊருக்கு ஓடிருவாம்லே. பத்து நா கழியட்டும். இதை வெளிய எவன்ட்டயும் சொல்லிக்கிட்டுத் திரியாத."

அவர் சொன்னது எனக்கும் சேர்த்துத்தான் என்று எடுத்துக்கொண்டேன். சொல்ல வேண்டாம் என்றால் சொல்லாமல் இருப்பதில் எனக்கு நல்ல பழக்கம் உண்டு. ஊருக்கே கேட்கும்படி மற்றவர்கள் பேசுவதை ஒலிபரப்புகிறவன் சொந்தமாக ஒன்றும் பேசுவதில்லை.

வேலையை விட்டுவிடச் சொல்லித் தெக்கிலா அருளப்பனிடம் தினமும் சண்டை போட்டாள். அவன் கேட்கவில்லை. "நான் போயிட்டா உள்ள அந்த ரெண்டு ஒடிசாப் பையலுவதான் நிப்பானுவ. அவனுவளுக்கு எந்தத் திருகு எங்க இருக்குன்னு தெரியாது" என்றான். ஊரில் ஒருவன் அப்படிப் பேசியதை எழுதி வைக்க வேண்டும், இனி யாரும் பேசப் போவதில்லை.

ஆகவே அவள் ஊரிடம் வந்தாள். எல்லோருமாக ஒருநாள் கதவுக்கு முன்னால் போய் நின்று, ஒரே ஒருநாள் பேக்டரியை நிறுத்தச் சொல்லுங்கள் என்று கேட்டாள். கோயில் கமிட்டியார், மாதாவை நம்பு என்றார்கள். தலைவர், கிழவர்கள்தான் விளக்கமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார்களே, அவர்களைவிட நாம் என்ன சொல்லிவிட முடியும் என்றார். மீன்காரப் பெண்கள் அவளைக் கட்டிப்பிடித்து, அவள் புருஷன் செத்தே போய்விட்டதுபோல் கிழவர் மெட்டில் ஒரு பாட்டம் அழுது, அவள் கையில் ஒரு வஞ்சிர மீன் கொடுத்து அனுப்பினார்கள்.

பிறகு அவள் கிழவர்களிடம் போனாள். யவனர் வழக்கத்தில் உயிர்ப்பிச்சை கேட்கிறவர்கள் எதிரில் இருப்பவரின் முழங்காலைக் கட்டிக்கொள்வார்கள், அப்படிக் கட்டினால் தட்டக்கூடாது என்று அவர்கள் பாட்டிலேயே வருகிறது. பாட்டை ஒழுங்காகக் கேட்டவள் அவள் ஒருத்திதான் என்றேனே. மணலில் மண்டியிட்டு, முன்வரிசை நடுவில் நின்ற தலைக்கிழவரின் இரண்டு முழங்காலையும் சேர்த்துப் பிடித்தாள்.

"பெரியவரே, பதினஞ்சு பேர் இருக்கிய. கையில கம்பும் இருக்கு. கதவத் தள்ளுனா திறந்திரும். உள்ள போய் மெஷின நிப்பாட்டுங்க" என்றாள்.

முகமூடியின் திறந்த வாய் வழியாகக் கண்ணீர் சொட்டியது, பொய்யில்லை, நான் பக்கத்தில் மைக் கம்பி இழுத்துக்கொண்டு நின்றேன். "மகளே, உனக்காக எங்கள் ஈரல் வேகிறது. ஆனால் கதவு ராஜாக்களுடையது. நாங்கள் வெளியே நிற்பவர்கள்" என்றார். அவள் அவர் முழங்காலை விட்டுவிட்டு எழுந்தாள். சேலையிலிருந்த மணலைத் தட்டினாள். அப்படி அழகாகப் பேசுகிற வாயைப் பார்த்து அவள் காறித் துப்பியிருக்கலாம், ஆனால் அவளுக்கு அதற்கு நேரமில்லை.

அவள் கடைசியாக வந்தது என்னிடம்.

"கஸ்பார் அண்ணாச்சி, வால்வு விசயமா எங்க வீட்டாளு முதலாளிட்டப் பேசும்போது நீங்க மேல இருந்தியளாம். அவுக சொன்னாவ. நீங்க கேட்டத மைக்குல சொல்லுங்க, போதும். பாட்டுன்னா கேட்டுட்டுப் போயிருதாவ. ஒரு ஆளு எந்திரிச்சு, நான் கேட்டேன்னு சொன்னா, கேக்கத்தான் செய்வாவ."

"ஐஸ் நின்னுச்சுன்னா ஊர் மீனெல்லாம் நாறிரும் பிள்ள" என்றேன்.

"ஒருநா மீனுதான் அண்ணாச்சி."

திருநாள் முழுவதற்கும் மைக்செட் தொபியாஸ் முதலாளியின் உபயம் என்று அவளிடம் சொல்லவில்லை. அவளுக்குத் தெரிந்திருக்கும். "நான் என்னால ஆனதச் செய்யுதேன்" என்றேன். செய்தேன். மறுநாளே கிழவர் வரிசைக்கு முன்னால் மூன்று மைக் நட்டு, ஊரின் நாலு மூலைக்கும் குழாய் கட்டி, அவர்கள் பாட்டை எல்லா வீட்டுக்கும் கேட்கும்படி வைத்தேன். எச்சரிக்கை இப்போது கடலுக்குள் இரண்டு மைல் தூரத்துக்குக் கேட்டது. ஊர் என்னைப் பாராட்டியது. இவ்வளவு சத்தமாகக் கேட்ட பிறகு இனி செய்ய என்ன இருக்கிறது என்று எல்லோருக்கும் ஒரு திருப்தி. நெடுமணல்துறைக்காரனின் பிழை இதுதான்: ஒன்றைக் கேட்டு அழுதுவிட்டால் அதைச் செய்தும் முடித்துவிட்டதாக அவன் உடம்பு நம்பிவிடும்.

ஏழாம் திருநாள், காலை பதினொன்றே காலுக்கு, பேக்டரிக்குள்ளே சீழ்க்கை அடித்ததுபோல் ஒரு சத்தம் கேட்டது. பிறகு வாடை வந்தது. பிறகு உள்ளேயிருந்து அருளப்பன் கத்தினான்.

கிழவர்கள் பாட்டை நிறுத்தினார்கள். வரிசையில் ஒவ்வொருவராகப் பேசத் தொடங்கினார்கள். காற்று எந்தப் பக்கம் வீசுகிறது என்று ஒருவர் கேட்டார். அழைக்காத வீட்டுக்குள் கம்போடு நுழைவது முறையா என்று ஒருவர் கேட்டார். கத்தியது வேதனையாலா கோபத்தாலா என்று முதலில் தெரிய வேண்டும் என்றார் ஒருவர். அவசரம் வேண்டும், ஆனால் அவசரப்படக் கூடாது என்று பதினோராவது கிழவர் சொன்னபோது உள்ளே இரண்டாவது கத்தல் கேட்டது.

அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை, அவர்களுக்காவது அது தொழில். நாங்கள் இருநூறு பேர் நின்றோம். தீயணைப்பு வண்டிக்குப் போன் போட்டாயிற்று என்று நாற்பது பேர் சொன்னார்கள், வண்டி வர வேண்டியது முப்பத்திரண்டு கிலோமீட்டர். கோயில் மணி அடிக்கலாம் என்றார் ஒருவர். சாமியாரைக் கேட்காமல் எப்படி என்றார் மணியடிப்பவர். பின்பக்கச் சாவி யாரிடம் என்று ஒரு விவாதம் நடந்தது. பாதிப் பேர் கையில் செல்போன் உயர்ந்திருந்தது. நான் மைக்கை எடுத்தேன். இத்தனை வருஷத்தில் முதல்முறையாக என் சொந்தக் குரலில் அறிவித்தேன். பொதுமக்கள் யாரும் தயவுசெய்து உள்ளே போக வேண்டாம் என்று.

தெக்கிலா இறால் கொட்டகையிலிருந்து ஓடி வந்தாள். சாக்கை நனைத்துத் தலையோடு சுற்றிக்கொண்டு, வரிசையை இடித்துக்கொண்டு, கதவைத் தள்ளினாள். அது திறந்துகொண்டது. முதல்முறை ஒரு ஒடிசாப் பையனை இழுத்து வந்தாள், இரண்டாவது முறை இன்னொருவனை. மூன்றாவது முறை அருளப்பனை இரண்டு காலையும் பிடித்து இழுத்து வந்து மணலில் போட்டாள், அவன் விரல்கள் இன்னும் திருகைப் பிடித்தபடியே வளைந்திருந்தன. அவன் வாயில் வாய் வைத்து ஊதினாள். சுற்றி நின்ற இருநூறு பேரும் சேர்ந்து ஊதியிருந்தாலும் அப்போது பயனில்லை. அவளுக்குக் கண் தெரியவில்லை என்பதே வெகுநேரம் கழித்துத்தான் எங்களுக்குத் தெரிந்தது, அவன் முகத்தைக் கையால் தடவிக்கொண்டிருந்ததைப் பாசம் என்று நினைத்தோம்.

அன்றைக்குக் கிழவர்கள் பாடியதுபோல் அதற்கு முன்னும் பின்னும் நான் கேட்டதில்லை. மைக் அணைக்கவில்லை. ஊர் முழுக்க, கடல் முழுக்க அந்த ஒப்பாரி போனது, நாங்களும் சேர்ந்துகொண்டோம், இருநூறு தொண்டையும் பதினைந்து தொண்டையும் ஒன்றாகி, இடம் போய் வலம் திரும்பி, மாரில் அடித்து, அப்படி அழுதோம். அழுது முடித்தபோது குளித்துவிட்டு வந்ததுபோல் இருந்தது. வெட்கமாக இருக்கிறது, ஆனால் அப்படித்தான் இருந்தது.

அடக்கம் முடிந்த மூன்றாம் நாள் கிழவர்கள் தேரிக்காட்டுக்கு நடந்து, ஒவ்வொருவராக ஜாடிக்குள் இறங்கிவிட்டார்கள். அகழாய்வுக்காரர்கள் ஜாடிக்கு எண் போட்டு லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். ஊர் சில நாள் ஏங்கியது. அருளப்பனுக்காக அல்ல, பாட்டுக்காக. பிறகு பார்த்தால் ஏங்க வேண்டிய தேவையே இருக்கவில்லை. கடையில், கரையில், கோயிலில், எங்கே நாலு பேர் சேர்ந்தாலும் எங்கள் வாயிலிருந்து ஒரே சொல் ஒரே குரலில் ஒரே நேரத்தில் வரத் தொடங்கியிருந்தது. சர்க்கரை கேட்டாலும் கடையில் நிற்கிறவர்கள் எல்லோரும் சேர்ந்து ராகமாகக் கேட்டோம். சௌகரியமாகத்தான் இருந்தது, சொன்னது யார் என்று பிறகு யாரும் விரல் நீட்ட முடியாது.

ஒரு மாதம் கழித்துப் பஞ்சாயத்து மண்டபத்தில் விசாரணை வைத்தார்கள். வால்வைப் பற்றி எவனும் தன்னிடம் சொல்லவில்லை என்று தொபியாஸ் முதலாளி எழுதிக் கொடுத்திருந்தார். அருளப்பன் அன்றைக்குக் குடித்துவிட்டு வேலைக்கு வந்தான் என்றும் எழுதியிருந்தார். அவர் எழுதியது எடுபட்டுவிட்டால் பேக்டரி மறுவாரமே திறக்கும், அந்த இரண்டு பையன்களும் அதே அமோனியாக் குழாய்க்குக் கீழே நிற்பார்கள், செத்தவன் குடிகாரனாகவே கல்லறையில் கிடப்பான். இது தெரியாதவர்கள் மண்டபத்தில் யாரும் இல்லை.

விசாரணைக்கு வந்த அதிகாரியம்மா, "யாராவது பார்த்தது, கேட்டது இருந்தா முன்னால வந்து சொல்லுங்க" என்றார்.

நாங்கள் எழுந்து நின்றோம். ஐயோ அருளப்பா, நல்லவனே, அலைகூட உன்னைத் தேடுதே என்று இருநூறு பேரும் ஒரே குரலில் சொன்னோம். அதிகாரியம்மா முகம் சுளித்து மறுபடி கேட்டார். நாங்கள் மறுபடி சொன்னோம், இந்தமுறை இன்னும் உருக்கமாக. அவர் பேனாவை மூடிவிட்டார்.

கண்ணில் கட்டோடு முதல் வரிசை நாற்காலியில் இருந்த தெக்கிலா எழுந்தாள். "அம்மா, ஒரு நிமிசம். இந்தக் கூட்டத்துல கஸ்பார் அண்ணாச்சின்னு ஒருத்தர் இருப்பாவ. அவுக கேட்டிருக்காவ" என்றாள். பிறகு எங்கள் பக்கம் திரும்பினாள். "அண்ணாச்சி, எல்லாக் குரலும் ஒண்ணாக் கேக்கு. எனக்கு ஒங்களத் தெரியல. நீங்க ஒரு சத்தம் குடுங்க."

இங்கே நான் ஒன்று சொல்லியாக வேண்டும். எங்கள் நாக்குகளை யவனர்கள் கட்டிவிட்டுப் போய்விட்டார்கள், நாங்கள் என்ன செய்வோம் என்று ஊரில் இன்றைக்கும் பேசிக்கொள்கிறார்கள். அன்று காலை வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு கண்ணாடிக்கு முன்னால் நின்று நான் சொல்லிப் பார்த்திருந்தேன்: வால்வு அரித்துவிட்டது என்று அருளப்பன் முதலாளியிடம் சொன்னான், நான் கேட்டேன். என் குரல் தனியாக, தெளிவாக, ஒரு பிசிறு இல்லாமல் வந்தது.

அவள் காத்திருந்தாள். நான் வலப்பக்க மூலையில் தூணுக்குப் பக்கத்தில் நின்றேன், அவள் முகம் என்னைத் தேடி இடப்பக்கச் சுவரைப் பார்த்துத் திரும்பியிருந்தது. அதிகாரியம்மாவும் அந்தப் பக்கமே பார்த்தார். நான் இருமக்கூட இல்லை. யாரோ பாட்டைத் தொடங்கினார்கள், இருநூறு பேரும் சேர்ந்துகொண்டார்கள், நானும் சேர்ந்துகொண்டேன், அவள் இன்னும் அந்தச் சுவரையே பார்த்துக் கேட்டுக்கொண்டிருந்தாள்.